கழித்ததில் மிஞ்சிய துடிப்பு

ஜூன் 3, செவ்வாய்

வந்து சேர்ந்துவிட்டேன். கொல்லிமலைக்கு எழுபது கொண்டை ஊசி வளைவு என்று சொன்னவர்கள், வெறும் வயிற்றில் பஸ் ஏறு என்று சொல்லவில்லை. நாற்பதாவது வளைவில் காலை இட்லி வெளியே போனது. பக்கத்தில் இருந்த அம்மாள் எலுமிச்சம்பழம் கொடுத்தார், கூடவே நாலு திட்டும் கொடுத்தார்.

இடத்தின் பெயர் அதிர்வுயிர்க் கழகம். பழைய காப்பிக் கிடங்கு ஒன்றைக் கழகமாக மாற்றியிருக்கிறார்கள். உயிருள்ளவை எழுப்பும் ஓசையையும் அதிர்வையும் வைத்தே உயிரைப் படிப்பது இவர்கள் வேலை. மரம், கறையான், தவளை, மண்புழு, எதையும் விட்டுவைக்கவில்லை. கண்ணால் பார்த்ததாகச் சொன்னால் இங்கே யாரும் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. எனக்குப் பதிவுகளைச் சுத்தம் செய்யும் வேலை. சாலிகிராமத்து டப்பிங் ஸ்டுடியோவில் பதினாறு வருஷம் நடிகர்களின் மூச்சையும் எச்சில் சத்தத்தையும் வெட்டி எடுத்தவள் நான். மரத்துக்கு எச்சில் கிடையாது. அதுவே பெரிய நிம்மதி.

இயக்குநர் ஹேமலதா மேடம் விதிகளைச் சொன்னார். காலை எட்டிலிருந்து பத்துவரை யாரும் வாய் திறக்கக் கூடாது. வளாகத்துக்குள் செருப்பு கூடாது. பகலில் மிக்ஸி கூடாது. பாம்பு வந்தால் என்ன செய்வது என்று கேட்டேன். கையைக் காட்டுங்கள் என்றார். சிரிக்காமல்தான் சொன்னார்.

ஜூன் 5, வியாழன்

சமையல் செய்யும் குப்பாயி அக்கா காலை ஆறு மணிக்கே சட்னி அரைத்துவிடுகிறார். ஒன்பது மணிக்குச் சாப்பிடும்போது அது புளித்திருக்கிறது. விஞ்ஞானத்துக்காக நான் செய்யும் முதல் தியாகம் இது.

இன்று தன்னொலி எடுக்கக் கற்றுக்கொண்டேன். மற்ற ஊர்களில் மரத்தில் கருவியை மாட்டிவிட்டு ஆள் நகர்ந்துவிடுவார்களாம். இங்கே அப்படி இல்லை. கேட்கிறவர் மரத்தில் முதுகைச் சாய்த்து உட்கார்ந்தே தீரவேண்டும். கேட்கிறவரை மறைத்துவிட்டுக் கேட்பது பொய் சொல்வதற்குச் சமம் என்பது மேடத்தின் கொள்கை. ஆனால் ஆள் சாய்ந்து உட்கார்ந்தால் ஆளின் நெஞ்சுத் துடிப்பும் மரத்துக்குள் போய்விடுமே? அதற்குத்தான் தன்னொலி. தினமும் காலையில் நாங்கள் ஏழு பேரும் அவரவர் அறையிலேயே ஐந்து நிமிடம் சென்சாரை நெஞ்சில் வைத்துப் பதிவுசெய்ய வேண்டும். கம்ப்யூட்டர் அதிலிருந்து அவரவர் துடிப்பை ஓர் அச்சாக எடுத்துக்கொள்ளும். பிறகு அன்றைய பதிவு முழுவதிலும் அந்த அச்சை, அதே தாளத்தில் கழித்துக்கொண்டே போகும். மிஞ்சுவது மரம்.

இதில் ஒரு விதி, இங்கே மற்ற எல்லா விதிகளையும்விடப் பெரியது. அடுத்தவருடைய தன்னொலியை யாரும் கேட்கக் கூடாது. கம்ப்யூட்டர் கழிக்கும், பூட்டிவைக்கும், அவ்வளவுதான். சாவி மட்டும் என் கையில், ஏனென்றால் கழித்தது சரியா என்று பார்ப்பது என் வேலை, அதுவும் திரையில் பார்ப்பதோடு சரி. "குளிக்கிற ரூம் கதவு மாதிரி நினைச்சுக்குங்க" என்றார் மேடம். நான் எதற்கு அடுத்தவர் கதவைத் திறக்கப்போகிறேன்.

ஜூன் 9, திங்கள்

தணிகாசலம் சாரைப் பற்றி எழுத வேண்டும், ஏனென்றால் மனிதர் எரிச்சல் மூட்டுகிறார். வயது ஐம்பத்தொன்று. கிடங்குக்குப் பின்னால் ஒரு பெரிய பலாமரம் இருக்கிறது. பதினோரு வருஷமாக அதில் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறார். மரத்துக்குள்ளே நீர் ஏறும்போது சின்னச் சின்னதாகச் சொடுக்குச் சத்தம் வருமாம். அதற்கும் அப்பால் மரத்துக்கென்று சொந்தமாக ஒரு துடிப்பு இருக்கிறது என்று நம்புகிறார். இதுவரை கிடைக்கவில்லை. கிடைக்கும் என்கிறார், பஸ் வரும் என்று சொல்கிற நிதானத்தோடு.

மனைவி இறந்து ஆறு வருஷமாயிற்றாம். சட்டைப் பொத்தானை ஒன்று தள்ளித்தான் போடுகிறார். இன்று அதைச் சொன்னேன். குனிந்து பார்த்தார். "சரியாப் போட்டா ரெண்டு நிமிஷம் ஆகுது" என்றார்.

ஜூன் 14, சனி

கை தவறி ஒரு தன்னொலிக் கோப்பு திறந்துகொண்டது. உடனே மூடிவிட்டேன். யாருடையது என்று கவனிக்கவில்லை. நல்ல அழுத்தமான துடிப்பு, அவசரமே இல்லாதது.

ஜூன் 24, செவ்வாய்

நாலு நாளாக மழை. துவைத்த துணி காயவில்லை, அறை முழுக்க ஈரவாடை. பக்கத்து அறை முபாரக் தன் மின்விசிறியைக் கொடுத்தார். முபாரக் கறையான்காரர். புற்றுக்குள் கருவியை விட்டுவிட்டு, கறையான்கள் தலையால் தட்டிக்கொள்ளும் சேதியைப் பதிவுசெய்கிறார். வாரம் ஒரு தடவை நாமக்கல்லில் இருக்கும் மனைவியைப் பார்க்கப் போகிறார். மீதி ஆறு நாளும் கறையானோடுதான் குடித்தனம்.

குப்பாயி அக்காவிடம் மதியம் ரசத்தில் மிளகு கூடப் போடச் சொன்னேன், தணிகாசலம் சாருக்குச் சளி கட்டியிருக்கிறது என்று. அவர் இன்னும் அறையைவிட்டே வெளியே வரவில்லையே, உனக்கு எப்படித் தெரியும் என்று கேட்டார். மழைக்காலம், இருக்கும் என்றேன். மதியம் சார் மூக்கை உறிஞ்சிக்கொண்டு வந்தார். அக்கா என்னை ஒரு பார்வை பார்த்தார். நான் ரசத்தைப் பார்த்தேன்.

ஜூலை 6, ஞாயிறு

பலாமரம் துடித்துவிட்டது!

நேற்றைய பதிவைக் கழித்துச் சுத்தம் செய்துகொண்டிருந்தேன். நீர்ச் சொடுக்கு, எறும்பு, காற்று, எல்லாம் பழகிய சத்தம்தான். நடுவில் ஒரே ஒரு இடத்தில் கனமாக ஒரு தட்டல். பூச்சி இல்லை, கிளை இல்லை. ஓட்டி ஓட்டிக் கேட்டேன். சாரைக் கூப்பிட்டு ஹெட்போனைக் கொடுத்தேன். கேட்டுவிட்டு இன்னொரு முறை கேட்டார். அப்புறம் வெளியே போய், வெறுங்காலோடு மழையில் நின்றார். ஐம்பத்தொரு வயது மனிதர், சளி பிடித்தவர். குடையோடு பின்னாலேயே ஓட வேண்டியதாயிற்று. எனக்குச் சந்தோஷமாக இருந்தது, அதை இங்கே மறைப்பானேன்.

இன்று காலை அவர் ஒழுங்காக உட்காரவில்லை போலிருக்கிறது. அசைந்திருப்பார். சந்தோஷத்தில் யார்தான் சும்மா உட்காருவார்கள்.

ஜூலை 17, வியாழன்

பல் வலி என்று சார் கீழே நாமக்கல் போனார். பதிவு விட்டுப்போகக் கூடாதென்று முபாரக் பலாமரத்தில் உட்கார்ந்தார். ஒரு தட்டல்கூட இல்லை. சார் உட்கார்ந்த நாளில் எல்லாம் மூன்று நான்கு வந்துகொண்டிருந்தது. சாப்பாட்டு மேசையில் இதைப் பற்றித்தான் பேச்சு. பதினோரு வருஷம் சாய்ந்த முதுகு மரத்துக்குத் தெரியாதா, மரம் ஆள் அறிந்து பேசுகிறது என்றார் மேடம். முபாரக்குக்கு ரோஷம் வந்துவிட்டது. இந்த மலையில் அத்தனை கறையானும் தன்னை நம்புகிறது, ஒரு பலாமரம் நம்பவில்லையே என்று புலம்பினார்.

எனக்கும் அது சரியென்றுதான் பட்டது. அப்படி ஒரு முதுகைத் தெரிந்துவைத்துக்கொள்வதில் என்ன ஆச்சரியம்.

ஜூலை 29, செவ்வாய்

இப்போது மணிக்குப் பத்துப் பன்னிரண்டு தட்டல். மரம் பேசப் பழகிவிட்டது என்று குப்பாயி அக்கா பலாப்பழப் பாயசம் வைத்தார். மரத்துக்கு மரியாதை செய்வதாக நினைத்து அதன் பழத்தையே சமைத்தது யாருக்கும் உறைக்கவில்லை.

ஆகஸ்ட் 22 வெள்ளிக்கிழமை வெளியூரிலிருந்து அறிஞர் குழு வருகிறது. பலாவின் துடிப்பை அன்றைக்குச் சார் அவர்கள் முன்னால் வைக்கப்போகிறார். ஏற்றுக்கொண்டால் உலகத்தில் யாரும் செய்யாததைச் செய்தவர் ஆவார்.

பாயசம் குடித்துவிட்டு மாடிப்படி ஏறும்போது பாதியில் நின்றுவிட்டார். என்ன சார் என்றேன். பாயசம் கனம் என்றார். ஒரு கரண்டிதான் குடித்திருந்தார்.

ஆகஸ்ட் 3, ஞாயிறு

ஆடிப் பதினெட்டு. செம்மேட்டில் ஓரி மன்னன் விழா. மலை முழுக்க மைக் செட் அலறுகிறது. தவளையே வாயை மூடிக்கொண்டுவிட்டது, நாங்கள் எதைப் பதிவுசெய்வது? மேடம் எல்லோருக்கும் விடுமுறை கொடுத்தார். கழகத்து ஆட்கள் மொத்தமும் செருப்புப் போட்டுக்கொண்டு விழாவுக்குப் போனோம். காலில் செருப்பு இருந்ததே பெரிய கொண்டாட்டமாக இருந்தது.

மலர்க் கண்காட்சியில் சார் பின்தங்கிப் பின்தங்கி வந்தார். கடைசியில் பாலத்துக் கட்டையில் உட்கார்ந்துவிட்டார். தலை சுற்றுகிறது, வெயில் என்றார். வெயிலே இல்லை, மூடுபனி. திட்டினேன். சாப்பிடுவதில்லை, தூங்குவதில்லை, ராத்திரி மூன்று மணிவரை விழித்திருந்தால் தலை சுற்றாமல் என்ன செய்யும் என்று. மூன்று மணி என்று எப்படித் தெரியும் என்று கேட்டார். முகத்தைப் பார்த்தால் தெரிகிறது என்றேன். தூக்கமில்லாதவரின் துடிப்பு வேறு மாதிரி இருக்கும் என்பது ஸ்டுடியோவில் இருந்தவர்களுக்குத் தெரியும். அதை எல்லோரிடமும் விளக்கிக்கொண்டிருக்க முடியாது.

பலாச்சுளை சிப்ஸ் வாங்கிக் கொடுத்தார். எண்ணெய்ச் சிக்கு. முழுவதும் தின்றுவிட்டேன்.

ஆகஸ்ட் 12, செவ்வாய்

கழித்தது சரியா என்று பார்ப்பதற்காக இன்று சாரின் தன்னொலியைத் திறந்தேன். வேலைக்காகத்தான்.

துடிப்பு வந்துகொண்டே இருந்தது. ஓர் இடத்தில் வரவில்லை. அடுத்தது வந்தது. கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் ஓர் இடம் காலி. அசைந்ததாக இருந்தால் உராய்வுச் சத்தம் கேட்கும். உராய்வு இல்லை. மூச்சு அதுபாட்டுக்கு ஓடுகிறது, நெஞ்சு மட்டும் ஒரு தடவையை விட்டுவிடுகிறது.

மதியம் சாப்பிடப் பிடிக்கவில்லை.

ஆகஸ்ட் 16, சனி

கண்டுபிடித்துவிட்டேன். கண்டுபிடிக்காமல் இருந்திருக்கலாம்.

ஸ்டுடியோவில் ஃபேன் சத்தத்தைக் கழிப்போம். ஃபேன் ஓடுவதைக் கொஞ்சம் அச்செடுத்து, வசனம் முழுவதிலிருந்தும் கழித்துவிட்டால் குரல் மட்டும் நிற்கும். ஒரு தடவை வசனத்துக்கு நடுவில் கரண்ட் போய் ஃபேன் நின்றுவிட்டது. அது தெரியாமல் கழித்தோம். ஃபேன் நின்ற இடத்தில், இல்லாத ஃபேன் தலைகீழாக ஓடியது. இல்லாததைக் கழித்தால் ஒன்றுமில்லை என்றாகாது. ஏழு பேர் சாப்பிடுவதாகக் குப்பாயி அக்கா கணக்கு வைத்து, ஒருவர் வராமல் போனால், பானையில் ஓர் ஆள் சோறு மிஞ்சுமே, அது போலத்தான்.

பலாவின் தட்டல் ஒன்றை எடுத்துத் தலைகீழாகத் திருப்பினேன். அதன் பக்கத்தில் சாரின் துடிப்பை வைத்தேன். மேடு பள்ளம் ஒன்றுவிடாமல் பொருந்தியது. இத்தனை வாரமும் நாங்கள் கைதட்டிக் கேட்டது மரம் இல்லை. அவர் நெஞ்சு துடிக்க மறந்த ஒவ்வொரு தடவையும், கம்ப்யூட்டர் அந்த இல்லாத துடிப்பைக் கழித்திருக்கிறது. அதுதான் மிஞ்சியிருக்கிறது. முபாரக் உட்கார்ந்தால் ஏன் வரவில்லை என்பது இப்போது புரிகிறது. முபாரக்கின் நெஞ்சு எதையும் மறப்பதில்லை.

ஜூலை தொடக்கத்தில் நாளுக்கு ஒன்று. இப்போது நிமிடத்துக்கு ஒன்று. மரம் நன்றாகப் பேசுகிறது என்று நாங்கள் பாயசம் குடித்தோம். எனக்குப் பயமாக இருக்கிறது.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

சொல்ல வேண்டும். சொன்னால் அவருடைய பதினோரு வருஷம் போய்விடும். சொல்லாவிட்டால் அவரே போய்விடுவார். இதில் யோசிக்க என்ன இருக்கிறது என்று எழுதிவிட்டேன், ஆனால் நாள் முழுக்க யோசித்துக்கொண்டுதான் இருந்தேன். மூன்று தடவை அவர் அறைக் கதவுவரை போய், மூன்று தடவையும் குப்பாயி அக்காவிடம் போய் வெங்காயம் உரித்தேன்.

ஆகஸ்ட் 18, திங்கள்

பத்து மணி மணி அடித்ததும் பலாமரத்தடிக்குப் போனேன். சார் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். லேப்டாப்பை அவர் மடியில் வைத்தேன்.

"உங்க தன்னொலிய நான் கேட்டேன் சார்."

நிமிர்ந்து பார்த்தார். "விதி தெரியும்ல உங்களுக்கு?"

"தெரியும்."

"எத்தன தடவ?"

"சரிபாக்கறதுக்கு ஒரே ஒரு தடவ" என்றேன்.

மரத்தின் தட்டல், அவருடைய துடிப்பு, இரண்டின் அலைப்படங்களையும் காட்டினேன். நான் விளக்க வாயெடுப்பதற்குள் அவரே மரத்தின் தட்டலைத் தலைகீழாகத் திருப்பி, தன் துடிப்பின் மேல் வைத்துப் பார்த்துவிட்டார். பெரிய படிப்பாளி, ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. பிறகு லேப்டாப்பை மூடினார். ஒரு பழுத்த இலை அதன் மேல் விழுந்தது, எடுத்துப் போட்டார்.

"வெள்ளிக்கிழமை வரைக்கும் யார்கிட்டயும் சொல்லாதீங்க."

"வெள்ளிக்கிழமை வரைக்கும் நீங்க இருக்கணுமே சார்."

கோபம் வந்துவிட்டது. எழுந்தார், எழுந்த வேகத்தில் மரத்தைப் பிடித்துக்கொண்டார். அதற்கும் என்மேல்தான் கோபம். இத்தனை நாள் மலை ஏறி இறங்கிய உடம்பு, எனக்கு ஒன்றும் இல்லை, உங்கள் கணக்கில் தப்பு இருக்கும் என்றார். கணக்கில் தப்பு இல்லை என்று அவருக்கே தெரியும். அப்புறம் குரல் இறங்கிவிட்டது.

"இது மரம் இல்லேன்னா, நான் இத்தன வருஷமா இங்க என்ன பண்ணிட்டிருந்தேன் ரோசலின்?"

லேப்டாப்பை எடுத்துக்கொண்டு உள்ளே வந்துவிட்டேன்.

ஆகஸ்ட் 19, செவ்வாய்

இதை நாமக்கல் ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்து எழுதுகிறேன்.

காலையில் எல்லோரும் தன்னொலி எடுத்து முடித்ததும் சாருடையதைத் திறந்தேன். ஒரு துடிப்பு விட்டுப்போனது. அடுத்ததும் வரவில்லை. அதற்கடுத்ததும் வரவில்லை. கோப்பு முடிந்துவிட்டதோ என்று திரையைப் பார்த்தேன். முடியவில்லை. பிறகு மெதுவாக ஒன்று வந்தது.

ஹெட்போனைக் கழற்றிப் போட்டுவிட்டுச் சாப்பாட்டுக் கூடத்துக்கு ஓடினேன். ஒன்பது மணி, மௌன வேளை. ஏழு தட்டு, ஒரு சத்தம் இல்லை. சார் கண்ணை மூடிக்கொண்டு மேசை விளிம்பைப் பிடித்திருந்தார். தோசையைத் தொடவே இல்லை.

நான் பேசினேன். "மேடம், சாருக்கு நெஞ்சு அப்பப்ப நின்னு நின்னு ஓடுது. பலாவுல கேட்டது மரம் இல்ல, அதுதான். இப்பவே கீழ கூட்டிட்டுப் போகணும்."

மேடம் பழக்கதோஷத்தில் உதட்டில் விரலை வைத்தார். அப்புறம் விரலை எடுத்தார். சாரைப் பார்த்தார். சார் மறுத்து ஏதோ சொல்ல எழுந்தார், நிற்க முடியவில்லை, அப்படியே உட்கார்ந்துவிட்டார். முபாரக் ஜீப் சாவியை எடுத்துக்கொண்டு ஓடினார்.

முன்னால் முபாரக்கும் மேடமும். பின்னால் சாரும் நானும். ஒரு சென்சாரைச் சார் சட்டைக்குள் வைத்துக் கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டேன். ஹெட்போன் என் காதில். விதியாவது ஒன்றாவது. ஒவ்வொரு வளைவிலும் ஜீப் சாயும்போது துடிப்பு கேட்காமல் போகும், எனக்கு உயிர் போய் வரும். சார் கண்ணை மூடியபடியே கேட்டார்.

"இருக்கா?"

"இருக்கு சார்."

இன்னும் நாலு வளைவு தாண்டி மறுபடியும் கேட்டார். இருக்கு என்றேன். ஒருமுறை இல்லை. அப்போதும் இருக்கு என்றுதான் சொன்னேன், அது வந்து சேரும்வரை பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். அழுதேன் என்று நினைக்கிறேன். மேடம் திரும்பிப் பார்க்காமல் கைக்குட்டையை மட்டும் பின்னால் நீட்டினார்.

டாக்டர் ஒரு பெண், என்னைவிட இளையவர். ஈசிஜி காகிதத்தைப் பார்த்ததும் இரண்டு பேரைக் கூப்பிட்டார். இதயத்துக்குள் ஓடும் மின்சாரம் பாதியில் தடைபடுகிறதாம், பேஸ்மேக்கர் வைத்தாக வேண்டுமாம். இன்னும் இரண்டு மூன்று நாள் மலையிலேயே இருந்திருந்தால் தூக்கத்திலேயே போயிருக்கலாம் என்றார். இது எப்போது ஆரம்பித்தது, எவ்வளவு வேகமாக ஏறியது என்று சாரிடம் கேட்டார். சாருக்குச் சொல்லத் தெரியவில்லை. கொஞ்ச நாளாகத் தலை சுற்றல் என்று இழுத்தார். கொஞ்ச நாள் என்றால் எத்தனை நாள், சரியாகத் தெரிந்தால்தான் எனக்கு உதவும் என்றார் டாக்டர். மேடமும் நின்றுகொண்டிருந்தார்.

நான் சொன்னேன்.

"ஜூலை மொத வாரத்துல ஆரம்பிச்சுது டாக்டர். ஞாயித்துக்கிழம காலைல ஒண்ணே ஒண்ணு விட்டுச்சு. அசைஞ்சிருப்பார்னு நெனச்சேன். அப்புறம் மூணு நாள் ஒண்ணுமில்ல. பல்லு வலின்னு கீழ வந்தாரே, அதுக்கு மொத நாள் மறுபடி ஒண்ணு. மாசக் கடைசில தினமும் அஞ்சு நிமிஷத்துல ஒண்ணு ரெண்டு. ஆடிப் பதினெட்டு அன்னிக்குக் காலைல மூணு. சளி பிடிச்சிருந்தப்ப, ஜூன்ல, சுத்தமா இல்ல, நல்லா இருந்துச்சு. போன வாரத்துலேருந்து ரெண்டு சேர்ந்தாப்புல விடுது. இன்னிக்கு மூணு."

டாக்டர் வேகமாக எழுதிக்கொண்டார். பிறகு பேனாவை நிறுத்தி நிமிர்ந்தார்.

"நீங்க இவர் சம்சாரமா?"

"இல்லீங்க. கூட வேலை பாக்கறேன்."

கட்டிலில் படுத்திருந்த சார் தலையைத் திருப்பி என்னையே பார்த்தார். நான் ஈசிஜி மெஷினைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆகஸ்ட் 21, வியாழன்

நேற்று பேஸ்மேக்கர் வைத்துவிட்டார்கள். நன்றாக முடிந்தது. குழுவை வரவேண்டாம் என்று மேடம் சொல்லிவிட்டார். என்ன காரணம் சொன்னார் என்று கேட்கவில்லை. உண்மையைத்தான் சொல்லியிருப்பார். அவருக்கு வேறு எதுவும் சொல்ல வராது.

சாருக்கு வேண்டிய சாமான் எடுக்க மலைக்கு வந்தேன். மேடம் அறைக்குக் கூப்பிட்டார். கோபமாக இருப்பார் என்று பார்த்தால், இளைத்துப்போய் உட்கார்ந்திருந்தார். "நீங்க கேக்கலேன்னா அவர் இல்ல. அது எனக்குத் தெரியும்" என்றார். ஆனால் நாளைக் காலையில் சென்சாரை நெஞ்சில் வைக்கிற ஒவ்வொருவரும், அந்தப் பக்கம் யாரோ இருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டே வைப்பார்கள், அதற்கப்புறம் இந்த இடம் நடக்காது என்றார். மாதக் கடைசியோடு நான் விலகிக்கொள்ள வேண்டும். சரி மேடம் என்றேன். அவர் இடத்தில் நான் இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன். அதற்காக வருத்தம் இல்லாமல் இல்லை. இந்த இடம் எனக்குப் பிடித்துப்போயிருந்தது, புளித்த சட்னியோடு சேர்த்து.

முபாரக் என்னைப் பார்த்ததும் சட்டைப் பொத்தானைக் கழுத்துவரை போட்டுக்கொண்டார். விளையாட்டுக்குத்தான்.

ஆகஸ்ட் 23, சனி

சாருக்கு வார்டு மாற்றியிருக்கிறார்கள். குப்பாயி அக்கா கொடுத்தனுப்பிய கஞ்சியை எடுத்துக்கொண்டு போனேன். முகத்தில் ரத்த ஓட்டம் தெரிகிறது. பாதிக் கஞ்சி குடித்தார்.

"அப்ப பலா ஒண்ணுமே சொல்லலியா?" என்று கேட்டார்.

"ஒண்ணும் சொல்லல சார்."

ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். கண் கலங்கிவிட்டது. பதினோரு வருஷம் ஒரு மரத்தில் சாய்ந்து உட்கார்ந்தவருக்கு, நாலு நிமிடமாவது அழ விட வேண்டும். பாத்திரத்தைக் கழுவிக்கொண்டு வந்தேன்.

திரும்பி வந்தபோது முகத்தைத் துடைத்திருந்தார்.

"ஒரு தடவதான் கேட்டேன்னு சொன்னீங்க. டாக்டர்கிட்ட ஜூன்லேருந்து சொன்னீங்க."

"பொய் சொன்னேன்."

"தினமுமா?"

"தினமும்."

எதிர்க்கட்டில் பெரியவர் ரேடியோவைத் திருப்பிக்கொண்டிருந்தார்.

"முபாரக்கோடது?"

"அவரோடது எனக்கெதுக்கு?"

சார் மேலே பார்த்துக்கொண்டு கிடந்தார். அப்புறம் காலை ஒடுக்கிக் கட்டில் ஓரத்தில் இடம் விட்டார். உட்கார்ந்தேன்.